கசியும் மூளைக்கு ஹெப்பாரினா? குழந்தைகளின் மூளைச் சிரை அடைப்பு

பிறந்து மூன்றாவது நாள். பிரசவத்தில் பெரிய சிக்கல் ஏதுமில்லை, எடையும் சரியாகவே இருந்தது. ஆனால் காலையிலிருந்து குழந்தை சரியாகப் பால் குடிக்கவில்லை. மார்பில் வைத்தால் இரண்டு இழுப்பு இழுத்துவிட்டுத் தூங்கிப்போகிறது. மாலையில் தொட்டிலில் கிடக்கும்போது சப்புக்கொட்டுவதுபோல் உதடுகளை அசைக்கிறது. கால்கள் இரண்டும் மிதிவண்டி மிதிப்பதுபோல் மெல்லச் சுழல்கின்றன. கண்கள் ஒரு பக்கமாகவே நிலைகுத்தி நிற்கின்றன. குளிரிலோ பசியிலோ குழந்தை வெடவெடத்தால், அந்தக் காலைக் கையால் பிடித்ததும் நடுக்கம் நின்றுவிடும். இங்கே பிடித்த பிறகும் நிற்கவில்லை. பிடித்திருக்கும் விரல்களுக்குள்ளேயே அந்த அசைவு தொடர்கிறது.

இது வலிப்பு. பெரியவர்களுக்கு வருவதுபோல் உடம்பு முழுக்க வெட்டி இழுப்பதில்லை என்பதால், குழந்தை விளையாடுகிறது என்றே பலர் நினைத்துவிடுகிறார்கள். ஸ்கேன் எடுத்துப் பார்த்த மருத்துவர் வந்து சொல்கிறார்: மூளையிலிருந்து ரத்தத்தை வெளியே கொண்டுபோகும் சிரையில் ரத்தம் உறைந்து அடைத்திருக்கிறது, அதனால் மூளைக்குள் கொஞ்சம் ரத்தமும் கசிந்திருக்கிறது. அடுத்த வாக்கியத்தில், ரத்தம் மேற்கொண்டு உறையாமல் இருக்க ஹெப்பாரின் ஊசி போட அனுமதி கேட்கிறார். அப்பாவுக்குத் தலை சுற்றுகிறது. "மூளைல ரத்தம் கசிஞ்சிருக்குன்னு நீங்களே சொல்றீங்க டாக்டர். அப்புறம் ரத்தம் உறையாம இருக்கறதுக்கும் மருந்து போடணும்னு சொல்றீங்களே?"

எந்தப் பெற்றோரும் கேட்கக்கூடிய, கேட்க வேண்டிய கேள்வி இது. அவசரத்தில் நீட்டப்படும் ஒப்புதல் படிவத்தில் இதற்குப் பதில் இருக்காது. பதில் புரிந்துவிட்டால் இந்த நோயின் பாதி புரிந்துவிடும்.

மூளைக்கு ரத்தம் கொண்டுவருபவை தமனிகள். வேலை முடிந்த ரத்தத்தை இதயத்துக்குத் திருப்பி அனுப்புபவை சிரைகள். பக்கவாதம் என்றதும் நம் நினைவுக்கு வருவது தமனி அடைப்பு. வரத்துக் கால்வாய் அடைபட்டு வயல் காய்ந்துபோவதுபோல. இங்கே அடைபடுவது வடிகால். வரத்து வந்துகொண்டே இருக்கிறது, வடிய வழியில்லை. வயல் காயாது, தண்ணீர் தேங்கி, வரப்பு ஊறி, ஓர் இடத்தில் உடைத்துக்கொள்ளும்.

மூளைக்குள்ளும் ஏறத்தாழ அதுதான் நடக்கிறது. அடைப்புக்குப் பின்னால் இருக்கும் சின்னஞ்சிறு சிரைகளில் அழுத்தம் ஏறுகிறது. முதலில் நீர் கசிந்து மூளைத்திசு வீங்குகிறது. அழுத்தம் இன்னும் ஏறினால் புதிய ரத்தம் உள்ளே நுழையவே திணறி அந்தப் பகுதி சிதைகிறது. மெல்லிய சுவர்கள் தாங்காமல் விட்டுக்கொடுக்கும் இடத்தில் ரத்தமும் கசிகிறது. ஆக, இந்தக் கசிவுக்குக் காரணம் ரத்தம் உறையும் திறன் குறைந்தது அல்ல, உறையக் கூடாத இடத்தில் உறைந்தது. உறைந்த ரத்தக்கட்டி வளர வளர அடைப்பு நீளும், அழுத்தம் கூடும், கசிவும் கூடும். கட்டி வளர்வதை நிறுத்தினால்தான் கசிவின் ஊற்று அடைபடும்.

ஹெப்பாரின் செய்வது அதைத்தான். பலர் நினைப்பதுபோல் அது இருக்கும் கட்டியைக் கரைப்பதில்லை. மேலும் வளரவிடாமல் தடுக்கிறது. கரைக்கும் வேலையை உடலே, தனக்கென்று இருக்கும் நொதிகளைக் கொண்டு, நாள்கணக்கில் வாரக்கணக்கில் செய்துகொள்கிறது. நாம் அதற்கு அவகாசம் வாங்கித் தருகிறோம்.

இதை மருத்துவ உலகமும் ஒரே நாளில் ஏற்றுக்கொள்ளவில்லை. 1991இல் ஜெர்மனியில் ஐன்ஹோய்ப்ல் குழுவினர் பெரியவர்களிடம் செய்த ஒரு சிறிய ஆய்வு லான்செட் மருத்துவ இதழில் வந்தது. மொத்தமே 20 நோயாளிகள். ஹெப்பாரின் பெற்ற 10 பேரில் மூன்று மாதத்துக்குப் பிறகு 8 பேர் முழுமையாகக் குணமடைந்திருந்தார்கள், 2 பேருக்குச் சிறு குறை மிஞ்சியது. ஹெப்பாரின் பெறாத 10 பேரில் முழுமையாகக் குணமானவர் ஒருவர் மட்டுமே. 3 பேர் இறந்துபோனார்கள். சிறிய ஆய்வுதான். ஆனாலும் மூளையில் கசிவு இருக்கும்போதே ஹெப்பாரின் போடலாம் என்ற துணிவு அங்கிருந்துதான் வலுப்பெற்றது. குழந்தை மருத்துவர்கள் பல ஆண்டுகள் இந்தப் பெரியவர்களின் அனுபவத்தைக் கைத்தாங்கலாகப் பிடித்துக்கொண்டுதான் நடந்தார்கள்.

குழந்தைகளைப் பற்றிய முதல் பெரிய படம் கனடாவிலிருந்து வந்தது. அங்குள்ள 16 குழந்தைகள் சிகிச்சை மையங்கள் சேர்ந்து, 1992 தொடங்கி ஆறு ஆண்டுகளில் 160 குழந்தைகளைப் பதிவுசெய்தன. கேப்ரியல் டிவெபர் தலைமையில் 2001இல் வெளியான அந்த ஆய்வின்படி ஆண்டுக்கு ஒரு லட்சம் குழந்தைகளில் 0.67 பேருக்கு இந்த நோய் வருகிறது. அரிதுதான். ஆனால் அந்த 160 பேரில் 43 சதவீதம் பிறந்து ஒரு மாதம்கூட ஆகாதவர்கள். பிறப்பு முதல் பதினெட்டு வயது வரையிலான நீண்ட பயணத்தில் இந்த ஆபத்து முதல் நான்கு வாரங்களில்தான் குவிந்து கிடக்கிறது. 58 சதவீதக் குழந்தைகளுக்கு வலிப்பு வந்திருந்தது. 8 சதவீதம் பேர் இறந்தார்கள். அவர்களில் பாதிப் பேரின் சாவுக்கே இந்த அடைப்பு நேரடிக் காரணம். 38 சதவீதம் பேருக்கு நரம்பியல் குறைபாடு ஏதோ ஒரு வகையில் தங்கிவிட்டது. மருத்துவமனைக்கு வந்து, ஸ்கேனில் கண்டுபிடிக்கப்பட்டவர்களின் கணக்கு இது. கண்டுபிடிக்கப்படாமல் போனவர்கள் எந்தக் கணக்கிலும் வரமாட்டார்கள்.

பச்சிளங்குழந்தையை ஏன் இப்படித் தேடிப் பிடிக்கிறது? 1856இல் ருடால்ஃப் ஃபிர்கோ என்ற ஜெர்மானிய மருத்துவர், ரத்தம் குழாய்க்குள் உறைவதற்கு மூன்று வகைக் காரணங்களை வகுத்துத் தந்தார். ஓட்டம் மந்தமாவது, குழாயின் உட்சுவர் காயப்படுவது, ரத்தமே உறையும் பக்கம் சாய்வது. பிறந்த முதல் வாரத்தில் மூன்றும் ஒன்றாகக் கைகோத்துக்கொள்ளும் வாய்ப்பு அதிகம்.

பிறப்புப் பாதையின் வழியே வரும் தலை நெருக்கப்படுகிறது. மண்டையோட்டு எலும்புகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறி இடம்கொடுக்கின்றன. அப்படி இடம்கொடுக்கும்படித்தான் இயற்கை அவற்றை இணைக்காமல் விட்டிருக்கிறது. அந்த எலும்புகளின் அடியிலேயே ஓடுகிறது மூளையின் மிகப்பெரிய வடிகால். நெற்றிக்கு மேலே தொடங்கி, உச்சி வகிட்டுக்கு நேர் கீழாகப் பின்னந்தலை வரை போகும் இதற்கு சுப்பீரியர் சஜிட்டல் சைனஸ் என்று பெயர். எலும்பு நகரும்போது அதன் சுவரும் இழுபடுகிறது.

ஒரு சின்ன விளக்கம். ஸ்கேன் அறிக்கையில் 'சைனஸ்' என்ற சொல்லைப் பார்த்ததும் சளி பிடிக்கும் சைனஸ் என்று நினைத்துக் குழம்புகிறவர்கள் உண்டு. அது மூக்கைச் சுற்றி எலும்புக்குள் இருக்கும் காற்றறை. இது மூளையைப் போர்த்தியிருக்கும் தடித்த உறையின் மடிப்புக்குள் ஓடும் அகன்ற ரத்த வாய்க்கால். பெயர் மட்டும்தான் ஒன்று.

அடுத்தது ரத்தத்தின் தன்மை. பிறந்த குழந்தையின் ரத்தத்தில் சிவப்பணுக்கள் அதிகம், அதனால் கெட்டியாக இருக்கும். உறையச்செய்யும் புரதங்களும் குறைவு, உறைவதைத் தடுக்கும் புரதங்களும் குறைவு. ஆன்டித்ராம்பின் என்ற தடுப்புப் புரதம் பெரியவர்களுக்கு இருப்பதில் பாதி அளவே இருக்கும், புரோட்டீன் சி அதைவிடவும் குறைவு. இரண்டு தட்டிலும் எடை குறைந்த தராசு போன்ற சமநிலை அது. நலமாக இருக்கும்வரை ஆடாமல் நிற்கும். கிருமித் தொற்றோ, பிரசவத்தின்போது மூச்சுத்திணறலோ, நீரிழப்போ வந்தால் ஒரு பக்கம் சட்டென்று சாய்ந்துவிடும். தாய்க்கு கர்ப்பகாலத்தில் ரத்தக்கொதிப்போ சர்க்கரையோ, பனிக்குட நீரில் தொற்றோ இருந்திருந்தால் அதுவும் சேர்ந்துகொள்ளும். இதயக் கோளாறோடு பிறந்த குழந்தைகளுக்கு ஆபத்து இன்னும் கூடுதல்.

இவற்றில் பெற்றோர் கண்ணால் பார்க்கக்கூடிய ஒன்று நீரிழப்பு. தாய்ப்பால் சுரப்பு நிலைபெறாத முதல் சில நாள்களில், குழந்தை அழாமல் தூங்கிக்கொண்டே இருந்தால் 'சமத்துக் குழந்தை' என்று மகிழ்ந்துவிடுகிறோம். பால் போதாமல் சோர்ந்து தூங்கும் குழந்தையும் அழுவதில்லை. எழுப்பினாலும் உறிஞ்ச வலுவில்லாமல் இருப்பது, நான்காம் நாளுக்குப் பிறகும் சிறுநீர் சில தடவை மட்டுமே போவது, பிறந்த எடையில் 10 சதவீதத்துக்கு மேல் இறங்குவது ஆகியவை உடனே காட்ட வேண்டிய அறிகுறிகள். அந்த வாரத்தில் எடை பார்க்கும் தராசு எவ்வளவு முக்கியமான கருவி என்பதை எத்தனை தடவை சொன்னாலும் தகும்.

டொரன்டோவில் டிவெபரின் குழுவினர் கவனித்த இன்னொரு விஷயமும் உண்டு. மல்லாந்து படுத்திருக்கும் பச்சிளங்குழந்தையின் பின்னந்தலை எலும்பு, சில குழந்தைகளுக்கு, உள்நோக்கி அழுந்தி அந்தப் பெரிய வடிகாலின் பின்பகுதியை நசுக்குகிறது. பின்னந்தலை படும் இடத்தில் குழிவிட்ட ஒரு தலையணையை வைத்தபோது அழுத்தம் குறைந்ததை ஸ்கேனிலும் பார்த்தார்கள். இதைப் படித்ததும் குழந்தையைக் குப்புறப் படுக்கவைக்கலாமா என்று யாரும் யோசிக்க வேண்டாம். வீட்டில் குழந்தையை மல்லாக்கப் படுக்கவைப்பதுதான் திடீர் மரணத்திலிருந்து காக்கும். தலையணையும் வைக்கக் கூடாது. அந்த ஆய்வு மருத்துவமனையில், கண்காணிப்பில் இருந்த குழந்தைகளோடு நடந்தது.

நிறைமாதத்தில் பிறந்த குழந்தையின் மூளை அறைகளுக்குள் ரத்தக்கசிவு தெரிந்தால், அந்த ஒரு காட்சியே மருத்துவரைச் சிரை பக்கம் திருப்ப வேண்டும். குறைமாதக் குழந்தைகளுக்கு அந்த இடத்தில் கசிவு வருவதற்கு வேறு காரணம் உண்டு. அங்கே வளர்ந்துகொண்டிருக்கும் திசுவின் குழாய்கள் அவ்வளவு மென்மையானவை. நிறைமாதம் ஆகும்போது அந்தத் திசு பெரும்பாலும் மறைந்துவிடும். அதன் பிறகும் அங்கே ரத்தம் என்றால், கூடவே தலாமஸ் என்னும் மூளையின் ஆழ்பகுதியிலும் ரத்தம் என்றால், ஆழத்திலிருந்து வடிக்கும் சிரைகள் அடைத்திருக்கின்றனவா என்று பார்த்தே ஆக வேண்டும். மேலே சொன்ன மூன்று நாள் குழந்தையின் கதை அநேகமாக இப்படித்தான் வெளிப்படும்.

வளர்ந்த குழந்தைகளில் நோயின் முகம் வேறு. இங்கே எனக்கு மிகவும் கவலை தருவது காது.

ஏழு வயதுச் சிறுமி ஒருத்தியை நினைத்துக்கொள்வோம். பத்து நாளாகக் காதுவலி, சீழ். மருந்து கொடுத்ததும் காய்ச்சல் இறங்கியது, பாதியில் மருந்தை நிறுத்தினார்கள். நாலு நாள் கழித்துத் தலைவலி தொடங்குகிறது. காலையில் எழும்போது அதிகம், படுத்தால் அதிகம், இருமினால் அதிகம். வாந்தி எடுக்கிறாள், வயிற்றுக்கோளாறு என்று மருந்து தரப்படுகிறது. பிறகு ஒருநாள் தொலைக்காட்சி பார்க்கும்போது ஒரு கண்ணைக் கையால் மூடிக்கொள்கிறாள். கேட்டால், "ரெண்டு ரெண்டா தெரியுதும்மா" என்கிறாள். ஒரு பக்கமாகப் பார்க்கச் சொன்னால் அந்தக் கண் மட்டும் வெளிப்பக்கம் போகாமல் நடுவிலேயே நின்றுவிடுகிறது.

காதுமடலுக்குப் பின்னால் விரலை வைத்தால் தட்டுப்படும் புடைப்பு மாஸ்டாய்டு எலும்பு. தேன்கூடுபோல் சின்னச் சின்னக் காற்றறைகள் நிறைந்த அந்த எலும்புக்கு அடுத்து, மெல்லிய ஒரு தகட்டுக்கு அப்பால், சிக்மாய்டு சைனஸ் ஓடுகிறது. மூளையின் ரத்தம் கழுத்துச் சிரைக்கு இறங்குவதற்கு முந்திய கடைசி வளைவு அது. நடுக்காதின் தொற்று அந்த எலும்புக்குப் பரவினால் பக்கத்திலிருக்கும் குழாயின் சுவரும் அழன்று, அங்கே ரத்தம் உறைகிறது. மூளையைச் சுற்றியிருக்கும் நீரும் கடைசியில் இந்தச் சிரைகளுக்குள்தான் வடிகிறது. வடிகால் அடைத்தால் அந்த நீரும் தேங்கி மண்டைக்குள் அழுத்தம் ஏறுகிறது. கண்ணை வெளிப்பக்கம் திருப்பும் ஆறாவது நரம்பு மண்டைக்குள் நீண்ட வழி வருவது. அழுத்தம் ஏறினால் இழுபட்டு முதலில் சோர்ந்துபோவது அதுதான். அதனால்தான் இரட்டைப் பார்வை. காதுநோயைத் தொடர்ந்து வரும் இந்த அழுத்த உயர்வுக்கு 1931இலேயே சார்லஸ் சைமண்ட்ஸ் என்ற பிரிட்டிஷ் நரம்பியல் மருத்துவர் ஒரு பெயர் வைத்து விவரித்திருக்கிறார். நுண்ணுயிர்க்கொல்லி மருந்துகள் வந்த பிறகு இது குறைந்துவிட்டது, ஆனால் போய்விடவில்லை. காது நோய்க்கான மருந்தைச் சொன்ன நாள் வரை கொடுத்து முடிப்பதன் அருமை இந்த இடத்தில்தான் தெரியும்.

காதுக்கு அடுத்து என் மனதை உறுத்துவது ரத்தசோகை. இரும்புச்சத்துக் குறைவை நாம் சோர்வு, வெளிறல் என்ற அளவில் நிறுத்திவிடுகிறோம். ரத்தம் உறைய உதவும் தட்டணுக்களின் எண்ணிக்கையை அது கூட்டும். சிவப்பணுக்கள் வளைந்து நெளிந்து நுண்குழாய்களில் போகும் இலகுவையும் குறைக்கும். 2005இல் ஐரோப்பிய மருத்துவர்கள் 42 குழந்தைகளை ஆராய்ந்தபோது அவர்களில் 21 பேருக்கு ரத்தசோகையோ, சிவப்பணுக்கள் அளவில் சிறுத்துப்போன நிலையோ இருந்தது. கூடவே வயிற்றுப்போக்கோ காய்ச்சலோ வந்து உடம்பில் நீர் வற்றினால் போதும். சாதாரணமான இரண்டு நோய்கள் சேர்ந்து அசாதாரணமான மூன்றாவதை உண்டாக்கிவிடுகின்றன.

வேறு சில குழந்தைகளுக்கு ஏற்கெனவே இருக்கும் நோயோ அதன் சிகிச்சையோ வழி திறந்துவிடுகிறது. நெஃப்ரோட்டிக் சிண்ட்ரோம் என்னும் சிறுநீரக நோயில் உறைவதைத் தடுக்கும் ஆன்டித்ராம்பின் சிறுநீரோடு போய்விடுகிறது. ரத்தப்புற்றுக்குத் தரும் அஸ்பராஜினேஸ் மருந்து அதே புரதத்தைக் கல்லீரல் உற்பத்தி செய்யவிடாமல் குறைக்கிறது. மூளைக்காய்ச்சல், தலைக்காயம், லூபஸ், குடல் அழற்சி நோய்கள், பதின்வயதுப் பெண்களுக்குத் தரப்படும் ஈஸ்ட்ரோஜென் மாத்திரைகள் என்று பட்டியல் நீளும். இந்தக் குழந்தைகளின் பெற்றோருக்கு, புதிதாகத் தலைவலியோ வாந்தியோ வந்தால் காத்திருக்க வேண்டாம் என்று முன்கூட்டியே யாராவது சொல்லிவைத்திருக்க வேண்டும். பல நேரம் யாரும் சொல்வதில்லை.

பரம்பரையாக ரத்தம் எளிதில் உறையும் தன்மையும் சிலருக்கு உண்டு. 1994இல் நெதர்லாந்தின் லைடன் நகரில் கண்டறியப்பட்ட ஃபேக்டர் ஃபைவ் லைடன் மரபணு மாற்றம் அதில் பேர்பெற்றது. பெரும்பாலும் அது தனியாக நின்று இந்த நோயை உண்டாக்குவதில்லை. காதுத் தொற்றோ நீரிழப்போ தீப்பொறி என்றால் இது சருகு. சோதனை செய்தாலும் முதல் சில வாரங்களின் முடிவுகளை அப்படியே நம்ப முடியாது. உறைந்த கட்டியே அந்தப் புரதங்களைச் செலவழித்திருக்கும், பச்சிளங்குழந்தைக்கு அவை இயல்பிலேயே குறைவு. சில மாதங்கள் கழித்து மறுபடி பார்ப்பார்கள். "எங்க வீட்டு ரத்தத்திலிருந்து வந்ததா, உங்க வீட்டு ரத்தத்திலிருந்து வந்ததா" என்று குடும்பத்துக்குள் பழி சுமத்த இந்தச் சோதனையைப் பயன்படுத்துவது கொடுமை.

கண்டுபிடிப்பதில் உள்ள சிக்கலைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். தமனி அடைப்பு நிமிடக்கணக்கில் வெளிப்படும். இது நாள்கணக்கில் ஊர்ந்து வரும், ஒவ்வொரு நாளும் வேறு ஏதோ நோய்போல் தோன்றும். அவசரத்தில் எடுக்கும் சாதாரண சிடி ஸ்கேனில், உறைந்த ரத்தம் பின்னந்தலை ஓரத்தில் ஒரு சின்ன வெள்ளை முக்கோணமாகத் தெரியலாம். மருந்து செலுத்தி எடுத்தால் சுற்றிலும் வெள்ளைக் கோடும் நடுவில் கறுப்புமாக வெறும் முக்கோணம் தெரியும். ஓரத்தில் ரத்தம் ஓடுகிறது, நடுவில் கட்டி நிற்கிறது என்று அர்த்தம். சாதாரண சிடியில் எதுவும் தெரியாமல் போவதும் சகஜம். 'சிடி நார்மல்' என்ற இரண்டு சொற்களை நம்பி வீட்டுக்குப் போய், மூன்று நாள் கழித்து வலிப்போடு திரும்பி வருவது இந்த நோயில் நடக்கக்கூடியதே. சந்தேகம் இருந்தால் சிரைகளைத் தனியாகப் படமெடுக்க வேண்டும். எம்ஆர்ஐயோடு சேர்த்து எம்ஆர் வெனோகிராம், அல்லது சிடி வெனோகிராம்.

எதிர்ப்பக்கத் தவறும் உண்டு. பிறந்த குழந்தையின் ரத்தம் கெட்டியானது, மூளையோ நீர்ச்சத்து மிகுந்தது. அதனால் அடைப்பே இல்லாதபோதும் சிடியில் சிரைகள் பளிச்சென்று தெரியும். பின்னந்தலையிலிருந்து பக்கவாட்டில் ஓடும் டிரான்ஸ்வெர்ஸ் சைனஸ், இடது பக்கத்தில், பலருக்குப் பிறவியிலேயே ஒல்லியாக இருக்கும். ஓட்டம் மெதுவாக இருந்தால் எம்ஆர் வெனோகிராமில் அந்த இடம் இல்லாததுபோலவே காட்டும். இல்லாத கட்டிக்கு மாதக்கணக்கில் ஊசி போடும் நிலை வந்துவிடக் கூடாது. குழந்தைகளின் ஸ்கேனைப் பார்த்துப் பழகிய கண் ஒன்று படத்தை மறுபடி பார்க்கட்டும் என்று கேட்பதில் தவறே இல்லை. பச்சிளங்குழந்தைக்கு ஒரு வசதியும் உண்டு: மூடாத உச்சிக்குழி. அதன் வழியே டாப்ளர் அல்ட்ராசவுண்ட் கருவியை வைத்து, இன்குபேட்டரை விட்டு நகர்த்தாமலே, பெரிய சிரையில் ஓட்டம் இருக்கிறதா என்று பார்த்துவிடலாம். ஆழத்துச் சிரைகள் எல்லாம் அதில் அகப்படாது.

சிகிச்சையில் ஹெப்பாரினுக்கு முன்னால் வருபவை எளிய வேலைகள். உடம்பில் நீரை ஈடுகட்டுவது, தொற்றுக்கு மருந்து, வலிப்பை அடக்குவது, மாஸ்டாய்டில் சீழ் இருந்தால் அறுவைச் சிகிச்சையில் வடிப்பது. காரணத்தை அப்படியே விட்டுவிட்டு ஊசி மட்டும் போட்டுப் பயனில்லை.

அடுத்து அந்த அப்பாவின் கேள்விக்கே திரும்புவோம். டொரன்டோ குழுவினர் 2010இல் வெளியிட்ட கணக்கு இது. உறைவுத்தடுப்பு மருந்து பெறாத வளர்ந்த குழந்தைகளில் 37 சதவீதம் பேருக்குக் கட்டி மேலும் பரவியது. மருந்து பெற்றவர்களில் 7 சதவீதம் பேருக்கு மட்டுமே பரவியது. பச்சிளங்குழந்தைகளில் அதுவே 28 சதவீதமும் 4 சதவீதமும். குலுக்கல் முறையில் பிரித்துச் செய்த ஆய்வு அல்ல, ஆனாலும் திசை தெளிவாக இருக்கிறது. அமெரிக்க ரத்தவியல் சங்கத்தின் 2018ஆம் ஆண்டு வழிகாட்டுதல், கசிவில்லாத குழந்தைக்கு உறைவுத்தடுப்பு மருந்து தரவேண்டும் என்று உறுதியாகவும், கசிவு இருக்கும் குழந்தைக்கும் தரலாம் என்று சற்றுத் தணிந்த குரலிலும் சொன்னது.

அந்தத் தணிந்த குரலுக்குக் காரணம் உண்டு. கசிவு பெரிதாக இருக்கும் பச்சிளங்குழந்தை விஷயத்தில் மருத்துவர்கள் இன்றும் ஒரே மாதிரி முடிவெடுப்பதில்லை. சிலர் உடனே தொடங்குவார்கள். சிலர் ஊசியை நிறுத்திவைத்து, 5 முதல் 7 நாளில் மறுபடி ஸ்கேன் எடுத்து, கட்டி பரவியிருந்தால் தொடங்குவார்கள். இரண்டுமே ஏற்கப்பட்ட வழிகள். 'இந்த மருத்துவமனையில் போடுகிறார்கள், அங்கே போடவில்லை' என்று கேள்விப்பட்டு அலைமோதும் பெற்றோர், ஒருவர் தவறு செய்கிறார் என்று முடிவுகட்ட வேண்டியதில்லை. போடவில்லை என்றால், மறு ஸ்கேன் எந்தத் தேதியில் என்பதை மட்டும் தெளிவாகக் கேட்டுக்கொள்ளுங்கள்.

பெரும்பாலும் தருவது எனாக்சபரின், அதாவது குறைந்த மூலக்கூறு எடை ஹெப்பாரின். ஒரு நாளைக்கு இரண்டு தடவை, தொடையின் கொழுப்புப் பகுதியில், மெல்லிய ஊசியால் தோலுக்கு அடியில். பச்சிளங்குழந்தைக்குக் கிலோவுக்கு இவ்வளவு என்று பார்த்தால் பெரிய குழந்தையைவிடக் கூடுதல் அளவு தேவைப்படும். ஆன்டித்ராம்பின் வழியாகத்தான் ஹெப்பாரின் வேலை செய்கிறது, அதுவே இவர்களுக்குப் பாதிதான் இருக்கிறது. குழந்தையின் எடை வாரத்துக்கு வாரம் ஏறும். அளவையும் ரத்தச் சோதனை பார்த்து மாற்றிக்கொண்டே போவார்கள். வீட்டுக்கு அனுப்பும் முன் செவிலியர் அம்மாவின் கையில் ஊசியைக் கொடுத்துப் பழக்குவார். முதல் நாள் கை நடுங்கும். தொடையை இரண்டு விரலால் மென்மையாகக் கிள்ளிப் பிடிப்பது, போட்ட இடத்தைத் தேய்க்காமல் பஞ்சால் அழுத்திப் பிடிப்பது, இன்று இடது தொடை என்றால் நாளை வலது என்று மாற்றுவது எல்லாம் ஒரு வாரத்தில் கைக்கு வந்துவிடும். பச்சிளங்குழந்தைக்கு ஆறு வாரம் முதல் மூன்று மாதம், பெரிய குழந்தைக்கு மூன்று முதல் ஆறு மாதம் என்பது வழக்கமான கால அளவு.

வாய்வழி மருந்தும் இப்போது வந்திருக்கிறது. மூளைச் சிரை அடைப்பு உள்ள 114 குழந்தைகளைச் சேர்த்த ஒரு பன்னாட்டு ஆய்வில், ஹெப்பாரினோடு தொடங்கிப் பிறகு ரிவராக்ஸபன் பெற்ற 73 பேரில் யாருக்கும் பெரிய ரத்தக்கசிவு வரவில்லை, அடைப்பும் திரும்பவில்லை. 2021இல் அமெரிக்காவில் அந்த மருந்துக்குக் குழந்தைகளிடம் பயன்படுத்த ஒப்புதல் கிடைத்தது. நாளுக்கு இரண்டு ஊசி என்ற வேதனையிலிருந்து பல குழந்தைகளுக்கு இது விடுதலை.

பெரும்பாலான குழந்தைகளுக்கு மூன்று முதல் ஆறு மாதத்தில் சிரை முழுமையாகவோ பகுதியாகவோ திறந்துகொள்கிறது. ஐரோப்பாவில் 396 குழந்தைகளைப் பின்தொடர்ந்து 2007இல் வெளியான ஆய்வில் 22 பேருக்கு மட்டுமே, அதாவது 6 சதவீதம் பேருக்கே, மறுபடி ஏதாவது சிரையில் கட்டி வந்தது. முதல் அடைப்பு இரண்டு வயதுக்குப் பிறகு வந்தவர்களுக்கு மட்டும்தான் அப்படித் திரும்பியது. கைக்குழந்தையாக இருக்கும்போதே இதைக் கடந்தவர்களின் பெற்றோருக்கு இது பெரிய ஆறுதல்.

சிரை திறந்த பிறகும் கவனிக்க வேண்டியவை இரண்டு. முதலாவது கண். மண்டைக்குள் அழுத்தம் நீடித்தால் பார்வை நரம்பு வீங்கி, மெல்ல வாடிப்போகும். குழந்தைக்குத் தலைவலி நின்றிருக்கும், ஓடி விளையாடும், பார்வையின் ஓரங்கள் சுருங்கிக்கொண்டே வருவதை அதற்குச் சொல்லத் தெரியாது. எனவே குணமாகிவிட்டது என்று தோன்றினாலும் கண் மருத்துவர் கண்ணின் உட்புறத்தைப் பார்க்கும் நாள்களைத் தவறவிடக் கூடாது. இரண்டாவது, பிறந்தபோது தலாமஸில் கசிவு வந்த குழந்தைகள். இவர்களில் சிலருக்கு சில ஆண்டுகள் கழித்து, தூக்கத்தில் மட்டும் மூளையில் இடைவிடாத மின்கோளாறு தோன்றலாம். வெளியே வலிப்பு எதுவும் தெரியாது. கற்ற சொற்கள் மறப்பது, பேச்சு பின்வாங்குவது, பள்ளியில் திடீரென்று தேக்கம் என்றுதான் வெளிப்படும். 'சேட்டை, கவனமில்லை' என்று அதட்டுவதற்கு முன் தூக்கத்தில் ஒரு இஇஜி, அதாவது மூளை மின்பதிவு, எடுத்துப் பார்க்க வேண்டும்.

இதற்காகத்தான், அன்றைக்கு மருத்துவமனையில் கொடுத்த சுருக்க அறிக்கையைப் பத்திரப்படுத்தச் சொல்கிறேன். பிள்ளைக்குப் பதினைந்து வயதில் காலெலும்பு முறிந்து மாவுக்கட்டுப் போட்டுப் படுக்க நேர்ந்தாலும், பெரிய அறுவைச் சிகிச்சைக்கு நாள் குறித்தாலும், பெண்பிள்ளைக்கு மாதவிடாய்க் கோளாறுக்கென்று ஈஸ்ட்ரோஜென் மாத்திரை எழுதினாலும், எதிரே இருக்கும் மருத்துவருக்கு அந்தப் பழைய தாள் தெரிய வேண்டும். பிள்ளை வளர்ந்து தனியாக மருத்துவரைப் பார்க்கப் போகும் வயதில், தன் தலையில் ஒருகாலத்தில் என்ன நடந்தது என்பதை அதுவே சொல்லத் தெரிந்திருக்க வேண்டும்.